ஹோரஸ் காட்பிக்குக் கிடைத்த கடைசி வசனம்

ஹோரஸ் காட்பியின் முதுகைப் பார்க்காதவர் இங்கிலாந்தில் அநேகமாக இருக்க முடியாது. கதாநாயகன் மழையில் ஓடிவந்து டாக்ஸியில் ஏறி, "ஸ்டேஷனுக்கு விடுங்க, சீக்கிரம்!" என்று கத்தும்போது முன்சீட்டில் ஒரு முதுகு தெரியுமே, அது அவருடையது. முகத்தையும் பலர் பார்த்திருக்கிறார்கள். ஆனால் அது யாருக்கும் ஞாபகத்தில் இல்லை. அதற்கு அவர்களைக் குறை சொல்ல நியாயமில்லை. ஞாபகத்தில் நிற்காமல் இருப்பதற்குத்தான் அவருக்குக் கூலி. கதாநாயகனுக்குத் தொப்பி எடுத்துக்கொடுக்கும் பட்லரின் முகம் மனசில் தங்கிவிட்டால் அப்புறம் கதாநாயகன் எதற்கு?

இந்தக் கலையில் அவர் அடைந்திருந்த உயரத்தை டூட்டிங் பேருந்து நிறுத்தத்தில் தினமும் காணலாம். யாராவது ஒரு பெண்மணி அவரை உற்றுப் பார்ப்பாள், தலையைச் சாய்ப்பாள், பிறகு கிட்டே வருவாள்.

"உங்களை எங்கேயோ நல்லாப் பார்த்திருக்கேனே! எங்க தெருவுக்கு காஸ் மீட்டர் பார்க்க வருவீங்களே, நீங்கதானே?"

"ஆமாம்மா. மீட்டர் ஒழுங்கா ஓடுதா?"

"எங்க ஓடுது? பறக்குது!"

"நான் சொல்லிவைக்கிறேன்மா."

பக்கத்தில் நிற்கும் மேவிஸ் ஒவ்வொரு முறையும் அவர் கையைக் கிள்ளுவாள். "நடிகன்னு சொல்லிக்க என்னய்யா கேடு உனக்கு?"

"சொன்னா எந்தப் படம்னு கேப்பாங்க. சொல்லணும். அப்புறம் அந்தப் படத்துல எங்க வந்தீங்கன்னு கேப்பாங்க. மீட்டர்னா ரெண்டு வார்த்தையில முடிஞ்சுது பாரு."

மேவிஸும் ஒரு காலத்தில் மேடையில் ஆடிப் பாடியவள்தான். ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுக்களுக்கெல்லாம் ஞாயிற்றுக்கிழமை க்ரூ என்ற ஊரின் ரயில் நிலையத்தில் வண்டி மாறியாக வேண்டும். இங்கிலாந்தின் நாடகக் காதல்களில் பாதி அந்த நடைமேடையில்தான் உற்பத்தியாயின. மீதி அங்கேயே தொலைந்தன. ஹோரஸ் அவளுக்கு அங்கே ஒரு பாதி பன்ரொட்டி கொடுத்தார். அவள் கல்யாணத்துக்குப் பிறகு மேடையை விட்டாள். அடுப்படியில் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டே அவருக்கு வசனம் கேட்கும் வேலையை மட்டும் விடவில்லை. அது பெரிய வேலையும் இல்லை. "இன்ஸ்பெக்டர் வந்திருக்கார் மேடம்" என்பதைக் கேட்டு முடிக்க ஒரு கிழங்குகூட வேண்டியதில்லை.

ஹோரஸ் இரண்டாம் அங்கத்துக்குமேல் உயிரோடு இருந்த நாடகங்கள் குறைவு. துப்பறியும் கதை என்றால் முதல் பிணம் அவர். குடும்பக் கதை என்றால் உயிலைப் படித்துவிட்டுக் கிளம்பும் வக்கீல். தன் பங்கு முடிந்ததும் வேஷத்தைக் கலைக்காமல் பக்கத்து மதுக்கடைக்குப் போய் ஒரு குவளை பீரைச் சாவகாசமாகக் குடித்துவிட்டு, கடைசி வணக்கத்துக்கு வந்து ஓரத்தில் நிற்பார். ஒரு நாடகம் எப்படி முடிகிறது என்பது தனக்குத் தெரியவே தெரியாது என்று அவர் சொல்லிக்கொள்வதுண்டு. அது வேடிக்கைப் பேச்சென்று எல்லோரும் நினைத்தார்கள். அதில் வேடிக்கை ஒன்றுமில்லை என்பது மேவிஸுக்கு மட்டும் தெரியும். திரை இறங்குவதற்கு முன் மேடையில் கடைசியாக ஒலிக்கும் குரல் ஒருநாளாவது தன்னுடையதாக இருக்க வேண்டும் என்ற ஆசையை, கல்யாணமான புதிதில், அவள் காதில் அவர் ரகசியமாகச் சொல்லியிருந்தார். மற்ற ஆண்கள் அந்த நேரத்தில் வேறு ஏதாவது சொல்லியிருப்பார்கள்.

அறுபத்தெட்டாவது வயதில் அது வந்தது.

நடிகர்கள் நாடகப் பிரதியைப் பின்பக்கத்திலிருந்துதான் புரட்டுவார்கள். கடைசிப் பக்கத்தின் அடியில் தன் பாத்திரத்தின் பெயர் இருப்பதைப் பார்த்ததும் ஹோரஸ் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். யாரோ செத்துவிட்டார்கள் என்று மேவிஸ் நினைத்தாள்.

கதை எளியது. பணக்காரக் குடும்பம், நடுவில் ஒரு நாற்காலி, அதில் காது கேட்காத மாமனார். கிழவருக்குத்தான் கேட்காதே என்று மூன்று அங்கமும் ஆளாளுக்கு அவர் முன்னால் வந்து தங்கள் திருட்டையும் துரோகத்தையும் கொட்டுகிறார்கள். கிழவர் "ஆங்?" என்கிறார். "டீ ஆறிப்போச்சு" என்கிறார். எல்லோரும் சண்டை போட்டுக் கலைந்த பிறகு மருமகள் அவர் காலுக்குக் கம்பளியைப் போர்த்தி, "பாவம், இவருக்கு ஒண்ணும் தெரியாது" என்கிறாள். அப்போது கிழவர் அவளைப் பார்த்துச் சொல்கிறார்: "எல்லாம் என் காதுல விழுந்துச்சு." திரை.

அந்த நான்கு வார்த்தைக்காகத்தான் மொத்த நாடகமும் எழுதப்பட்டிருந்தது.

இங்கே நாடகக்காரர்களின் ஒரு வழக்கத்தைச் சொல்ல வேண்டும். நாடகத்தின் கடைசி வரியை ஒத்திகையில் வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். ஜனங்கள் வந்து உட்காரும் முதல் நாள்தான் அது வெளியே வரலாம். முன்னாடியே சொன்னால் நாடகம் முடிந்துபோனது என்று கணக்கு. முடிந்ததை யார் ஆடுவது? ஆகவே அந்த இடம் வந்ததும் ஒருவர் கை தட்டுவார், இன்னொருவர் சீட்டியடிப்பார். விஞ்ஞானத்தை வைத்து வாதாட விரும்புகிறவர்கள் ஓல்டாமுக்குப் போய் விசாரிக்கலாம். மேவிஸின் இளமையில் அங்கே ஒரு துடுக்குக்காரன் ஒத்திகையில் கடைசி வரியைச் சொன்னான். முதல் நாள் மாலை கதாநாயகனுக்குப் பொன்னுக்குவீங்கி. இதை அவள் கண்ணால் பார்த்தவள்.

ஹோரஸ் அந்த இடத்துக்கு "டம் டம் டம் டம்" என்று சொல்லிக்கொண்டார்.

அந்த வருஷம் மேவிஸின் வீட்டில் சில பொருள்கள் இடம் மாறத் தொடங்கியிருந்தன. வெண்ணெய்க் கிண்ணம் துணி அலமாரியில் கிடைத்தது. ஒரு நாள் ஹோரஸ் பேருந்தில் ஏறி, எங்கே போகிறோம் என்று தெரியாமல் கடைசி நிறுத்தம்வரை மரியாதையாக உட்கார்ந்திருந்துவிட்டுத் திரும்பினார். வெளியே யாருக்கும் தெரியவில்லை. அதற்கு நாடக உலகத்தின் நல்ல பழக்கம் ஒன்று துணை நின்றது. அங்கே ஆண் பெண் எல்லோரும் எல்லோரையும் "கண்ணே" என்றுதான் கூப்பிடுவார்கள், பாசத்தால் அல்ல, பெயர் ஞாபகமில்லாததால். ஒரு முழுத் தொழிலே பெயரை மறந்துவிட்டுக் "கண்ணே" போட்டுக்கொண்டிருக்கும்போது, ஒருவர் மட்டும் நிஜமாகவே மறந்துவிட்டார் என்பதை யார் கண்டுபிடிப்பது?

மற்ற வசனங்கள் அடுப்படியில் சரியாகவே வந்தன. "ஆங்?" என்பதை மறப்பது கஷ்டம். மறந்தாலும் அதையே சொல்லிச் சமாளிக்கலாம். ஆனால் கடைசி இடம் வரும்போது மேவிஸ் கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கவனித்தாள். ஒரு நாள் நாலு டம் வந்தது. மறுநாள் மூன்று. அதற்கடுத்த நாள் ஆறு.

"ஹோரஸ், அந்த வரி உனக்கு..."

"எனக்கு என்ன?"

"உள்ள இருக்கில்ல?"

"இல்லாம? எங்க போகும்?"

எங்கே, சொல்லு பார்க்கலாம் என்பது அவள் நாக்கு நுனிவரை வந்தது. பொன்னுக்குவீங்கி நினைவுக்கு வந்தது. இத்தனை காலம் காத்திருந்து கிடைத்த வரியைத் தன் அடுப்படியில் வைத்துத் தானே நாசமாக்குவதா? மேவிஸ் கத்தியை எடுத்து அடுத்த கிழங்கைச் சீவினாள்.

ஒத்திகைக்கு அவளே கூட்டிக்கொண்டு போனாள். ரொட்டி கொண்டுவருகிற சாக்கில் பின்வரிசையில் உட்கார்ந்து பின்னல் போட்டாள். இயக்குநர் ஜூலியன் ஸ்ட்ரேக் சின்ன வயசுக்காரன். கேம்பிரிட்ஜில் படித்துவிட்டு நாடகத்தைச் சீர்திருத்த வந்தவன். கழுத்தில் எந்நேரமும் ஒரு சிவப்புத் துண்டு. மூன்றாவது வாரம் அவன் பொறுமை தீர்ந்தது.

"ஹோரஸ் கண்ணே, இன்னிக்காவது அந்த வரியைச் சொல்லிடுங்களேன். டம் டம்னா நான் எப்படித் திரையை இறக்குறது?"

மருமகளாக நடித்த ஃப்ளோரா கெம்ப்ஸ்டர் போர்வையைத் தரையில் எறிந்தாள். "தம்பி! நீ தொட்டில்ல கிடந்தப்போ நான் மேடையில விஷம் குடிச்சிட்டிருந்தேன். அவர் அந்த வரியைச் சொன்னார்னா நான் இப்பவே கோட்டை மாட்டிக்கிட்டுப் போயிட்டே இருப்பேன்."

"இது மூடநம்பிக்கை, ஃப்ளோரா."

"ஆமா. உன் கழுத்துத் துண்டு மட்டும் என்னவாம்? அதை அவுத்துட்டு ஒத்திகை நடத்து பார்ப்போம்."

ஜூலியன் துண்டைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு அடங்கினான். எல்லோரும் சிரித்தார்கள். மேவிஸ் சிரிக்கவில்லை. அவள் நாற்காலியில் இருந்த ஹோரஸின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பல் பிடுங்க வந்தவனிடம் வைத்தியர் இன்றைக்கு லீவு என்று சொன்னால் ஒரு முகம் வருமே, அது வந்திருந்தது. அன்றைக்குத்தான் அவளுக்கு நிச்சயமாகத் தெரிந்தது. தெரிந்தும் பின்னலில் அடுத்த வரியை ஆரம்பித்தாள்.

முதல் நாள் மோர்கேமில். கடற்கரை ஊர், ஈரக் காற்று, அரங்கம் நிறைய இருமல். மேவிஸ் நடுவரிசையில் உட்கார்ந்திருந்தாள். மூன்றாம் அங்கத்தின் கடைசியில் ஃப்ளோரா குனிந்து கம்பளியைப் போர்த்தினாள்.

"பாவம், இவருக்கு ஒண்ணும் தெரியாது."

ஹோரஸ் நிமிர்ந்து அவளைப் பார்த்தார். வாய் லேசாகத் திறந்தது. ஒன்றும் வரவில்லை.

வரி சொல்லிக்கொடுக்க மேடை ஓரத்தில் பெரில் என்ற பெண் பிரதியை மடியில் வைத்துக்கொண்டு தயாராகத்தான் இருந்தாள். ஆனால் அவள் அந்த வரியை ஒருநாளும் அவர் வாயால் கேட்டதில்லை. அதற்கு முன் அவர் எவ்வளவு நேரம் நிறுத்துவார் என்பது அவளுக்கு எப்படித் தெரியும்? பெரிய நடிகர்கள் முதல் நாளுக்கென்று ஒரு மௌனத்தைப் பதுக்கிவைத்திருப்பார்கள். அதற்குள் குறுக்கே புகுந்து வரியை எடுத்துக்கொடுத்தால் அந்தப் பெண்ணுக்கு அப்புறம் எந்தக் குழுவிலும் வேலை கிடையாது. பெரில் விரலை வரியின்மேல் வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

மேவிஸ் தன் மடியிலிருந்த கைப்பையை நசுக்கிக்கொண்டிருந்தாள். எல்லாம், எல்லாம், என்று உதட்டுக்குள் சொன்னாள். மேடையில் அவர் கண்கள் ஃப்ளோராவின் முகத்தில் எதையோ தேடின. தெரியாத பேருந்தில் கடைசி நிறுத்தம்வரை போனவரின் கண்கள் அவை. அரங்கத்தில் இருமல் நின்றுபோயிருந்தது. மோர்கேமில் அது நடந்ததே இல்லை. கடைசியில் ஃப்ளோரா, இனித் தாங்காது என்று, திரைக்காரனுக்குத் தலையை அசைத்தாள்.

கைதட்டல் அரங்கத்தின் கூரையைத் தொட்டது.

மேவிஸ் ஒப்பனை அறைக்கு ஓடினாள். ஹோரஸ் கண்ணாடிக்கு முன்னால் போர்வையோடேயே உட்கார்ந்திருந்தார்.

"வரல, மேவிஸ்."

"பார்த்தேன்."

"தேடினேன். அந்த இடமே காலியா இருந்துச்சு."

அவள் பதில் சொல்வதற்குள் கதவு திறந்தது. ஜூலியன் கண்ணில் தண்ணீரோடு வந்து அவர் காலடியில் மண்டியிட்டான். "என்ன செஞ்சீங்க நீங்க! என்ன செஞ்சீங்க! இத்தனை வாரம் டம் டம்னு எங்களை ஏமாத்தி உள்ள இதையா வெச்சிருந்தீங்க?"

"நான் அந்த வரியை..."

"விட்டுட்டீங்க! அந்தத் துணிச்சல் எனக்கு வரல பாருங்க!"

உள்ளூர்ப் பத்திரிகை மறுநாள் எழுதியது. எல்லாவற்றையும் கேட்டும் ஒரு வார்த்தை சொல்லாத தகப்பனின் மௌனத்தில் ஒரு வர்க்கத்தின் மனசாட்சி தூக்கில் தொங்குகிறது என்று எழுதியது. ஹோரஸ் காட்பியின் பெயர் ஒரு பத்திரிகையில் எழுத்துப் பிழையில்லாமல் வந்தது அதுவே முதல் தடவை. நாடகத்தை எழுதியவரும் டார்க்கீயிலிருந்து தொலைபேசியில் கூப்பிட்டு, தானும் முதலிலிருந்தே அந்த மௌனத்தைத்தான் மனசில் வைத்திருந்ததாக அறிவித்தார். மதியத்துக்குள் ஜூலியன் பிரதியில் அந்த நான்கு வார்த்தையை அடித்துவிட்டான்.

முதல் நாள் முடிந்துவிட்டதால் வழக்கத்தின் தடை நீங்கியிருந்தது. அதோடு, அடித்த வரி யாருக்கும் சொந்தமில்லை. அன்று சாயங்காலம் தங்கியிருந்த வீட்டில் மேவிஸ் அவர் அருகில் உட்கார்ந்து, "பாவம், இவருக்கு ஒண்ணும் தெரியாது" என்றாள்.

"எல்லாம் என் காதுல விழுந்துச்சு" என்றார் ஹோரஸ், தண்ணீர்போல.

அதன்பின் அது போகவே இல்லை. பிளாக்பூலில் வீட்டுக்காரியின் பெயர் போயிற்று. ஹாலிஃபாக்ஸில் ஊர்ப் பெயரே போயிற்று. டார்லிங்டனில் தன் தொப்பியை இன்னொருவருடையது என்று சொல்லி நேர்மையாகக் காவல் நிலையத்தில் ஒப்படைத்துவிட்டு வந்தார். ஆனால் ஒவ்வொரு காலையிலும் சவரம் செய்யும்போது கண்ணாடியைப் பார்த்து அந்த வரியைச் சொன்னார். ஒரு நாள் கோபமாக, ஒரு நாள் கேலியாக, ஒரு நாள் மன்னித்த மாதிரி. மேவிஸ் கட்டிலில் படுத்துக்கொண்டு எல்லா விதத்தையும் கேட்டாள். மன்னித்த மாதிரி சொன்னதுதான் நன்றாக இருந்தது. மாலையில் அவர் மேடைக்குப் போய், சொன்னபடி வாயை மூடிக்கொண்டிருந்தார்.

டார்லிங்டனில் ஜூலியனிடம் ஒருமுறை கேட்டும் பார்த்தார்.

"ஒரே ஒரு தடவை, தம்பி. புதன்கிழமை பகல் ஆட்டத்துல. அதுக்கு யாருமே வரமாட்டாங்க."

"ஹோரஸ் கண்ணே, உங்க மௌனத்துல ஒரு நாகரிகமே இடிஞ்சு விழுது. புரியுதா?"

"விழட்டும்ப்பா. விழுந்தப்புறம் சொல்லட்டுமா?"

ஜூலியன் அவர் தோளைத் தட்டிவிட்டுச் சிரித்தான். கிழவருக்கு என்ன நகைச்சுவை உணர்ச்சி என்று பிறகு எல்லோரிடமும் சொன்னான்.

சுற்றுப்பயணத்தின் கடைசி ஆட்டம் ஹல் நகரத்தில். அன்று ஹோரஸ் கழுத்துப்பட்டையைத் தானே கட்டினார், அதுவும் நேராக. மேவிஸுக்குப் புரிந்துவிட்டது.

"சொல்லப் போறியா?"

"அவங்க என்ன செஞ்சிடுவாங்க? நாளைக்கா வேலையை விட்டுத் தூக்குவாங்க? நாளைக்குத்தான் வேலையே இல்லையே."

"காலையில சொன்னியே, அந்த மாதிரி சொல்லு."

"காலையில எப்படிச் சொன்னேன்?"

"மன்னிச்ச மாதிரி."

அவர் தலையாட்டிக்கொண்டார்.

கடைசி நாளில் திரைக்காரர்களுக்கு ஒரே ஒரு லட்சியம்தான் உண்டு. செட்டைப் பிரித்து வண்டியில் ஏற்றிவிட்டு மதுக்கடை மூடுவதற்குள் போய்ச் சேர வேண்டும். மேவிஸ் இதை மறந்துபோனாள். இத்தனை வருஷம் மேடையோடு வாழ்ந்தவள் மறந்திருக்கக்கூடாது. ஃப்ளோரா குனிந்தாள், போர்த்தினாள், தன் வரியைச் சொன்னாள். ஹோரஸ் நிமிர்ந்தார். அன்றைக்கு அந்தக் கண்கள் எதையும் தேடவில்லை. அவர் மூச்சை இழுத்து, வாயைத் திறக்கிற நேரத்தில் மேலேயிருந்து சிவப்புத் துணி தடதடவென்று இறங்கியது. உதடு அசையத் தொடங்கியதை மேவிஸ் பார்த்தாள். அடுத்த கணம் அங்கே தங்கச் சரிகை வைத்த ஓரம்தான் இருந்தது. கைதட்டல் வந்துவிட்டது.

திரைக்குப் பின்னால் என்ன நடந்தது என்று ஃப்ளோரா பிறகு சொன்னாள்.

"ஏதோ சொன்னார், மேவிஸ். அந்தச் சத்தத்துல எனக்கு விழல. என்ன ஹோரஸ்னு கேட்டேன். ஒண்ணுமில்லம்மான்னார்."

நாடகம் அப்படியே லண்டனுக்குப் போயிற்று. ஹோரஸ் போகவில்லை. லண்டன் மேடைக்குப் பிரபலமான ஒரு பெயர் வேண்டும் என்று முதலாளிகள் சொன்னதை ஜூலியன் அவர் தோளில் கைபோட்டுக்கொண்டு, மிகுந்த வேதனையோடு, "கண்ணே" என்று மூன்று முறை சொல்லி விளக்கினான். கிழவர் வேஷத்துக்கு அரண்மனையில் சர் பட்டம் வாங்கிய ஒருவர் வந்தார். அவர் பிரதியைப் பின்பக்கத்திலிருந்து புரட்டினார். தன் பெயருக்கு நேரே ஒன்றும் இல்லாததைக் கண்டார். கடைசி வரி இல்லாமல் தான் மேடை ஏறி வழக்கமில்லை என்றார். நாகரிகம் இடிந்து விழுவதை ஒத்திவைத்துவிட்டு ஜூலியன் அந்த நான்கு வார்த்தையை மறுபடியும் எழுதிக்கொடுத்தான். நாடகத்தை எழுதியவர் டார்க்கீயிலிருந்து கூப்பிட்டு, முதலிலிருந்தே தான் சொன்னதும் இதுதான் என்றார்.

இலையுதிர்காலத்தில் ஃப்ளோரா இரண்டு இலவசச் சீட்டு அனுப்பினாள். மேல்மாடியில் கடைசி வரிசை. மேவிஸ் அவருக்குக் கோட்டுப் பொத்தான்களைப் போட்டுக் கூட்டிக்கொண்டு போனாள். அந்தச் சில மாதங்களில் அவர் நிறைய இறங்கியிருந்தார். முதல் அங்கத்தில் இரண்டு முறை, இது யாருடைய வீடு என்று கேட்டார். மூன்றாம் அங்கத்தில் முன்னால் சாய்ந்து உட்கார்ந்தார்.

"பாவம், இவருக்கு ஒண்ணும் தெரியாது."

"எல்லாம் என் காதுல விழுந்துச்சு!" என்று பட்டம் வாங்கியவர் முழங்கினார். அரங்கம் வெடித்துச் சிரித்தது. சிரிப்பு அடங்கவே இல்லை. திரை இறங்கி, ஏறி, மறுபடியும் இறங்கியது.

ஹோரஸ் கை தட்டவில்லை. நெற்றியைச் சுருக்கிக்கொண்டிருந்தார்.

"அவசரப்பட்டுட்டான்" என்றார்.

"ஆமாம்."

"அவ கையை எடுக்கிற வரைக்கும் பொறுத்திருக்கணும். அப்புறம் மெதுவா. திட்டுற மாதிரி இல்ல."

மேவிஸ் அவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். ஜனங்கள் அவர்கள் முழங்காலை இடித்துக்கொண்டு வெளியே போய்க்கொண்டிருந்தார்கள்.

"நீ எப்படிச் சொல்லியிருப்ப, ஹோரஸ்? எனக்குச் சொல்லு."

அவர் கம்பளி போர்த்தியிருப்பதுபோல் கைகளை மடியில் வைத்துக்கொண்டார். முதுகு நிமிர்ந்தது. அவளைப் பார்த்தார். வாயைத் திறந்தார்.

அந்த நான்கு வார்த்தையும் மேவிஸின் நாக்கிலேயே இருந்தன. எடுத்துக்கொடுத்திருக்கலாம். அவள் கொடுக்கவில்லை. ஒரு நடிகனின் நிறுத்தத்துக்குள் குறுக்கே பேசக்கூடாது என்பது அவள் படித்த பாடம். கீழே ஒவ்வொரு வரிசையாகக் காலியாயிற்று. கூட்டுகிற பெண் துடைப்பத்தோடு ஏறி வந்து, அவர்களைப் பார்த்து, மரியாதைக்காகக் கொஞ்சம் தள்ளி நின்றாள். ஹோரஸ் திறந்த வாயோடு தேடிக்கொண்டிருந்தார். மேவிஸ் அவரை அவசரப்படுத்தவில்லை.